மறுபடியும் ஒரு குடம்

ஒரு கேமரா இருந்தது. இளம்பரிதி என்ற ஆவணப்பட இயக்குநரின் தோளில் தொங்கியபடி மலை, தீவு, உப்பளம் என்று பஸ் போகாத ஊர்களாகப் பார்த்துப் பார்த்து அதற்குக் கண் சலித்துவிட்டது. அவனும் களைத்துத்தான் இருந்தான். சாதாரண மனிதர்களின் வாழ்க்கையை உள்ளபடி காட்டிவிட வேண்டும் என்ற ஆசைதான் இன்னும் அவனை நடக்க வைத்தது.

அப்படி நடந்து ஜவ்வாது மலையில் ஒரு சிற்றூருக்கு வந்தார்கள். சடச்சி என்பவள் பள்ளத்து ஊற்றில் தண்ணீர் மொண்டு, பச்சை பிளாஸ்டிக் குடத்தை இடுப்பில் வைத்து மேடேறி வந்தாள். எதிரே போனவளிடம் ஏதோ கேலி பேசிச் சிரித்துக்கொண்டே வந்தாள்.

இளம்பரிதி கையை உயர்த்தினான். "அக்கா, சிரிக்காம இன்னொரு வாட்டி வர்றீங்களா?"

"வீட்ல ஊத்திட்டு வந்துடறேன் சார்."

"இந்த இளவெயில் போயிடும்க்கா. இங்கேயே கொட்டிடுங்க."

வந்தவர் கேட்கிறாரே என்று பாதையோரம் கொட்டிவிட்டு இறங்கினாள். அடுத்த முறை மேகம் மறைத்தது. அதற்கடுத்த முறை அவள் கேமராவைப் பார்த்துவிட்டாள். தண்ணீர் மறுபடியும் மண்ணுக்குப் போனது.

குடத்துக்குப் பொறுக்கவில்லை. "முதல் தடவையே பார்த்தாயே, இன்னும் எதற்கு இந்த நடை?" என்று கேமராவைக் கேட்டது.

"நான் பார்த்தது அவனுக்குப் போதவில்லை. வரும்போதே மனசுக்குள் ஒரு சடச்சியைக் கொண்டுவந்திருக்கிறான். அவள் வரும்வரை இவள் நடக்க வேண்டும்."

"நீ கண்ணை மூடிக்கொள்ளேன்."

"என் கண் என் வசமா இருக்கிறது? உன்னைக் கவிழ்க்கும்போது நீ மாட்டேன் என்றாயா?"

குடம் மறுபடியும் பள்ளத்துக்கு இறங்கியது.

வெயில் ஏறியது. கடைசியாக வந்தபோது சடச்சியின் முகத்தில் சிரிப்பில்லை. பாதி மேட்டில் நின்று, முழங்காலில் கையூன்றி மூச்சு வாங்கினாள்.

"இதான்க்கா! இதத்தான் தேடி வந்தேன்." இளம்பரிதிக்குக் கண் கலங்கிவிட்டது. அவளைக் கூப்பிட்டு, கேமராவின் சின்னத் திரையில் ஓட்டிக் காட்டினான்.

சடச்சி முந்தானையால் முகத்தைத் துடைத்தபடி குனிந்து பார்த்தாள். "பாவம்," என்றாள். "எங்கூர்ல யாரும் இப்பிடித் தண்ணி தூக்கமாட்டாங்களே சார். ஒரு நடைக்கு இவ்ளோ களைப்பு வராது."

சொல்லிவிட்டு, அந்த ஒரு குடத்தோடு வீட்டுக்குப் போனாள்.

இளம்பரிதியின் விரல் அழிக்கும் பொத்தான்மேல் நின்றது. காட்சி அவ்வளவு நன்றாக வந்திருந்தது. விரலை எடுத்துக்கொண்டான்.

"விரலை எடுத்துவிட்டாயா?" என்றது கேமரா. அவன் காதில் விழவில்லை.

சென்னையில் படத்தைத் திரையிட்டபோது, சடச்சி மூச்சு வாங்கிய இடத்தில் அரங்கமே அழுதது. விளக்குப் போட்டதும் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். கடைசி வரிசையில் இளம்பரிதி மட்டும் தலை நிமிரவே இல்லை.