மறுமீன் காட்டிய பகல்

இரண்டு நிலா உள்ள ஒரு நாடு. அங்கே ஒரு குன்று, குன்றின் மேல் ஒரு வான்நோக்ககம். எந்தப் பக்கம் என்று என்னைக் கேட்காதீர்கள். வழி தெரிந்தால் நான் இங்கே உட்கார்ந்து கதை சொல்லிக்கொண்டிருப்பேனா?

அந்த நாட்டு வானத்தில் மறுமீன் என்று ஒரு நட்சத்திரம். அதற்குச் சொந்த வெளிச்சம் கிடையாது. குன்றிலிருந்து போகிற வெளிச்சத்தை வாங்கி அப்படியே திருப்பி அனுப்பும். போய்வரப் பன்னிரண்டு வருஷம் ஆகும். அந்தி சாயும்போது வான்நோக்ககத்துப் படிகத்தை அதன் பக்கம் திருப்பினால், பன்னிரண்டு வருஷத்துக்கு முந்தைய ஒரு பகல் சுண்ணாம்புச் சுவரில் வந்து விழும். வானத்திலிருந்து பார்ப்பதால் எல்லோரும் வெறும் உச்சந்தலைகள்தான். ஆனாலும் எது யார் தலை என்று குன்றுக்காரர்களுக்குத் தெரியும்.

அதனால் அந்த ஊரில் ஒரு பழக்கம். சண்டை போடுவதென்றாலும் புறம் பேசுவதென்றாலும் கூரைக்குள் போய்விடுவார்கள். புருஷன் பெண்டாட்டிக்குள் வாய் முற்றினால், "உள்ள வா, உன்னை வச்சுக்கறேன்" என்பார்கள். முற்றத்தில் எல்லோரும் உத்தமர்கள்.

காரி மட்டும் ஒரு நாள் மேலே பார்க்க மறந்துவிட்டான்.

காரி, ஆசான் பொறையனின் முதல் சீடன். யாரும் தனியாகத் தொடக்கூடாத படிகத்தை அன்று அவன் முற்றத்துக்கு எடுத்து வந்தான். தொட்டித் தண்ணீரில் கழுவிப் பளபளவென்று வைத்து ஆசானிடம் நல்ல பெயர் வாங்க ஆசை. கை வழுக்கியது. படிகம் சுக்குநூறாயிற்று. அன்றைக்குப் படிகத்துக்குக் காவல் முறை மருதி என்ற சீடப்பெண்ணுடையது. துண்டுகளைப் பொறுக்கி அவள் பாயின் மேல் கொட்டிவிட்டுக் காரி போய்விட்டான். ஆசான் மருதியைக் குன்றைவிட்டு அனுப்பினார்.

பாவி, அப்போதாவது வாயைத் திறந்தானா? இல்லை. வெட்கம் அவனைத் தின்றது. ஆனால் பேசவிடவில்லை.

பன்னிரண்டு வருஷம் ஓடிப்போயிற்று. புதுப் படிகம் வந்தது. காரிக்கு நரை வந்தது. அடுத்த அறுவடைக்குப் பிறகு அவன்தான் ஆசான் என்று பேச்சு. அந்த நேரம் பார்த்து அந்தப் பகலின் வெளிச்சம் வந்து சேரும் நாளும் வந்தது.

அன்று மாலை காரி ஆசானிடம் போய் நின்றான்.

"ஆசானே, வர்ற வெளிச்சத்தை நிறுத்த முடியுமா?"

ஆசான் தன் தோள்துண்டை எடுத்து அவனிடம் நீட்டினார். "படிகத்து மேல போட்டுப் பாரு."

"போட்டா நின்னுடுமா?"

"சுவத்துல விழாது. துண்டுல விழும்."

காரி துண்டை வாங்கிக்கொண்டான். நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

"இன்னைக்கு மட்டும் நான் தனியாப் பாக்கட்டுமா?"

ஆசான் எழுந்து வாசல் பக்கம் நகர்ந்தார். "பாரு. நான் வெளியில இருக்கேன்."

காரி உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். துண்டைப் போட்டு மூடியிருக்கலாம். மூடவில்லை. குனிந்திருந்த தன் தலையே தன் கையை மறைத்திருக்காதா என்று ஒரு நப்பாசை. அப்படி மறைத்திருந்தால், எல்லோரையும் கூப்பிட்டே காட்டிவிடலாம் அல்லவா? மனுஷ புத்தி அப்படித்தான் போகும்.

சுவரில் முற்றம் தெரிந்தது. தொட்டி தெரிந்தது. அவனுடைய நரைக்காத தலை தெரிந்தது. கை விரிந்தது, படிகம் விழுந்தது, எல்லாம் பட்டவர்த்தனமாகத் தெரிந்தது.

அவன் தலைக்குப் பின்னால், படிக்கட்டில், ஒரு தண்ணீர்க் குடத்தின் வட்ட வாய் ஏறி வந்தது. அதற்குக் கீழிருந்து சிவப்புச் சும்மாட்டின் முனை வெளியே தொங்கியது. அந்தக் குன்றில் சிவப்புச் சும்மாடு வைத்துத் தண்ணீர் சுமந்தவள் மருதி ஒருத்திதான்.

குடம் நின்றது. அவன் துண்டுகளைப் பொறுக்கி, அவள் பாய் வரை போய், கொட்டிவிட்டுத் திரும்பும்வரை அசையாமல் நின்றது. பிறகு சத்தமில்லாமல் இறங்கிப்போயிற்று.

யாருக்கும் தெரியாது என்றுதானே இத்தனை காலம் சோறு தின்றான்! தெரிய வேண்டியவளுக்கு முதல் நாளே தெரிந்திருக்கிறது.

வெளியே வந்து ஆசான் காலடியில் உட்கார்ந்தான்.

"உடைச்சது நான்தான் ஆசானே."

"ம்."

"மருதி பாத்திருக்கா. பின்னால நின்னு எல்லாத்தையும் பாத்திருக்கா. ஏன் சொல்லலை?"

"நீ உடைச்சியான்னு கேட்டேன். இல்லைன்னு சொன்னா. யாருன்னு கேட்டேன். உடைச்சவங்களே சொல்லட்டும், என்னைக் கேக்காதீங்கன்னா. எனக்குக் கோபம். போன்னு அனுப்பிட்டேன்." ஆசான் குரல் இறங்கியது. "அவ சொன்னது நிஜமான்னு நான் ஒரு நாள்கூட விசாரிக்கலை. அந்த வெட்கம் என்னோடது."

"போகும்போது ஒண்ணும் சொல்லலையா?"

"சொன்னா. வெளிச்சம் வந்து சொல்றதுக்கு முந்தி அவங்களே சொல்லிட்டா எனக்கு அது போதும்னா."

காரி முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதான். ஆசான் தடுக்கவில்லை. அழுது முடிகிற வரை பக்கத்திலேயே இருந்தார்.

"வருஷா வருஷம் அவ தம்பியை அனுப்புவா. உடைச்சவங்க சொல்லிட்டாங்களான்னு கேப்பான். இன்னும் இல்லைன்னு சொல்லி, சாப்பாடு போட்டு அனுப்புவேன்."

"இந்த வருஷம்?"

"வந்திருக்கான். அடுப்படியில சாப்பிட்டுக்கிட்டிருக்கான். நீயே போய்ப் பதில் சொல்லு."

காரி கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். "நான்தான்னு சொல்லிட்டேன்னு சொல்றேன் ஆசானே."

"அதை மட்டும் கேட்டுட்டு அவன் போக மாட்டான் காரி. வெளிச்சத்துக்கு முந்தியா, பிந்தியான்னு கேப்பான்."