பதினோரு நிமிடத் தனிமை

"என் தனிமை யாருக்குமே புரியல, மேடம்" என்றார் இன்னாசிமுத்து.

மெஹருன்னிசா சினிமா ஒலிப்பதிவாளர்; இன்னாசிமுத்து அவரிடம் ஒலிப்பதிவு கற்றுக்கொள்பவர். குருவுக்கு வயது முப்பத்தொன்று, சிஷ்யருக்கு ஐம்பத்தாறு. வித்தைக்கு வயது ஏது.

மனைவி இறந்தபின் மூன்று மாதம் ஒரே அறையில் கிடந்தவர் இன்னாசிமுத்து. அதைத்தான் பதினோரு நிமிடக் குறும்படமாக எடுத்திருந்தார். கதை கிடையாது, வசனம் கிடையாது. ஓர் அறை, ஒரு மனிதன், நான்கு சுவர். ஊருக்குப் புரியாவிட்டால் போகட்டும், மதுரையில் இருக்கும் அக்காவுக்காவது புரிய வேண்டும் என்று தவித்தார்.

"அக்கா என்ன சொன்னாங்க?"

"டிவி ஸ்பீக்கர் ரிப்பேரான்னு கேட்டாங்க."

குருவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிஷ்யருக்கு வருத்தம்தான்.

படத்தில் ஒரு பொட்டுச் சத்தம் இல்லை. தனிமை என்றால் நிசப்தம் என்று முடிவு கட்டி, இரண்டு வாரம் மெனக்கெட்டு எல்லாவற்றையும் துடைத்து வைத்திருந்தார் மனிதர்.

"அந்த ரூமுக்குப் போவோம், வாங்க சார்."

போனார்கள்.

படப்பிடிப்பு முடிந்ததும் எல்லோரையும் வாய்மூடச் சொல்லிவிட்டு, அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் கொஞ்ச நேரம் பதிவு செய்துகொள்வது ஒலிப்பதிவாளர்களின் வழக்கம். இன்னாசிமுத்து அதைச் செய்யவில்லை. சும்மா கிடக்கிற அறையில் என்ன இருக்கப் போகிறது என்ற நினைப்பு.

மெஹருன்னிசா மைக்கை நடுவில் வைத்தார். ஹெட்போனை இன்னாசிமுத்துவின் காதில் மாட்டினார்.

"அஞ்சு நிமிஷம். பேசக் கூடாது."

மேல்மாடியில் யாரோ நாற்காலியை இழுத்தார்கள். பக்கத்து வீட்டுக் குக்கர் மூன்று விசில் விட்டது. ஒரு பிள்ளை எட்டாம் வாய்ப்பாட்டைத் தப்பாகச் சொல்ல, அதன் அம்மா திருத்தினாள். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு பெண், "ஏங்க, ஆறிப்போவுது, சாப்பிட வாங்க" என்றாள்.

இன்னாசிமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது.

"அந்த மூணு மாசமும் இதெல்லாம் கேட்டுச்சா, சார்?"

"தினமும். இதை மட்டும்தான் கேட்டுக்கிட்டுக் கெடந்தேன்."

"அப்புறம் ஏன் தொடச்சீங்க?"



இரண்டு வாரம் கழித்து இன்னாசிமுத்து மறுபடி வந்தார். முகம் தெளிந்திருந்தது.

"சத்தத்தையெல்லாம் சேர்த்துட்டு, மதுரைக்கே போயி மறுபடி அக்காகிட்டப் போட்டுக் காட்டினேன், மேடம். பாதியிலேயே நிறுத்திட்டாங்க. 'இப்படியா கெடந்த, எனக்கு ஒரு போன் பண்ணத் தோணலையாடா'ன்னு ஒரே திட்டு. கையோட என்கூடக் கெளம்பி வந்துட்டாங்க. நாலு நாளா நம்ம வீட்லதான் இருக்காங்க."

"எந்த இடத்துல நிறுத்தினாங்க?"

"நாலாவது நிமிஷம்."

"அப்ப மீதி ஏழு நிமிஷத்தையும் வெட்டிடுங்க, சார்."