உலகம் தொடங்கிவிட்டதென்று நிரூபித்த கீரந்தை

முன்னொரு காலத்தில் என்று கதையைத் தொடங்கினால் அந்த நாட்டார் ஒப்பமாட்டார்கள். காலமே இன்னும் தொடங்கவில்லை என்பார்கள். அவர்கள் நாட்டில் சூரியன் மலை விளிம்பில் பாதி முளைத்தபடியே நின்றுவிட்டது. எப்போதும் அதே செங்காலைதான். முரசு கொட்டிப் பொழுதை அறிந்தார்கள், அறுவடையை வைத்து ஆண்டை எண்ணினார்கள்.

அங்கே தொடங்காநெறி என்றொரு தத்துவம் இருந்தது. பொழுது இன்னும் விடியவில்லை, ஆகையால் உலகம் இன்னும் தொடங்கவில்லை. இப்போது நடப்பதெல்லாம் வெறும் ஒத்திகை என்பது அதன் சாரம். ஒத்திகையில் பாவமும் கிடையாது, சாவும் கிடையாது. அதனால் அந்த நாட்டார் பிணங்களை எரிப்பதில்லை. மலையடிவாரத்துப் பனிக்குகையில் கிடத்திவிட்டு, உலகம் தொடங்கும்போது எழுந்துவருவார்கள் என்று காத்திருந்தார்கள்.

அரசவை விகடனான கீரந்தையின் மகள் நொச்சியும் அந்தக் குகையில்தான் கிடந்தாள். காய்ச்சல் கண்டபோது அவளுக்கு ஏழு வயது. அதற்குப் பின் ஐந்து அறுவடை கடந்துவிட்டது. கீரந்தை ஒவ்வொரு அறுவடைக்கும் ஒரு விரற்கடை நீளம் கூட்டிப் புதுப் பாவாடை தைத்து, அவள் பக்கத்தில் வைத்துவிட்டு வருவான். எழுந்ததும் அளவு சரியாக இருக்க வேண்டுமே என்பது அவன் கவலை. ஊரையெல்லாம் கேலி செய்கிறவன் அந்த நெறியை மட்டும் ஒருநாளும் கேலி செய்ததில்லை.

ஒருநாள் அரசர் வெண்கோடருக்கு ஓர் ஆசை வந்தது. அரைச் சூரியனின் உருவம் முழுதாக நீரில் தெரியும் அளவுக்கு அரண்மனை ஏரி அகலமாக வேண்டும். மதகை அடைத்தால் போதும். ஆனால் ஏரிக்கரைத் தாழ்விலிருந்த கீழ்த்துறை என்ற பரிசல்காரர் ஊர் மூழ்கிப்போகும். அங்கிருந்த நாற்பது குடும்பங்களும் போக்கிடமில்லை என்று நகர மறுத்தன. ஊர்த்தலைவி காளத்தி சபைக்கு வந்து முறையிட்டாள்.

தொடங்காநெறியின் தலைமை ஆசிரியர் ஆழ்மதியார் அவளை ஏறிட்டும் பார்க்கவில்லை. "அரசே, இவர்கள் இன்னும் பிறக்கவே இல்லை. பிறக்காதவர்கள் எப்படி மூழ்குவார்கள்?" என்றார். அரசருக்கு அது வசதியாகப் பட்டது.

காளத்தி பக்கத்தில் நின்ற கீரந்தையிடம் திரும்பினாள். "ஐயா, எம் பேரனுக்கு நேத்துதான் பல்லு மொளச்சுது. பொறக்காத புள்ளைக்கு பல்லு மொளைக்குமா? நீங்களாவது சொல்லுங்க."

கீரந்தையின் முகம் மாறியதை ஆழ்மதியார் கவனித்துவிட்டார். அரசர் தம் போதனையைவிட விகடன் பேச்சை ரசிக்கிறார் என்று வெகுநாளாக அவருக்குள் ஒரு புகைச்சல் இருந்தது. கீரந்தைக்கு நம் நெறியில் ஐயம் வந்துவிட்டது போலும் என்று அரசருக்கு மெல்ல எடுத்துக் கொடுத்தார். மூன்றாம் முரசுக்குள் உலகம் தொடங்கிவிட்டது என்று அவன் நிரூபிக்கட்டும். முடியாவிட்டால் கீழ்த்துறையில் போய் உட்காரட்டும் என்றார். அரசர் தலையாட்டினார். முதல் முரசு முழங்கியது.

ஆழ்மதியார் அவன் அருகில் வந்து குனிந்தார். "நீ தோற்றால் மூழ்குவாய், அவ்வளவுதான். ஜெயித்தால் உன் மகள் செத்துப்போனவளாவாள். யோசித்துக்கொள்."

அவர் சொன்னது சரி என்று கீரந்தைக்குத் தெரியும். தோற்பது எளிது, நொச்சி காத்திருப்பாள். இரண்டாம் முரசும் முழங்கியது. காளத்தி அழவில்லை. முந்தானையைக் கையில் சுற்றுவதும் அவிழ்ப்பதுமாக, அவன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் பேரனின் பல்லை நினைக்காமல் இருக்க அவனும் முயன்றுபார்த்தான். முடியவில்லை.

சிம்மாசனத்தை நோக்கி நடந்துபோனான். ஏரியைக் காட்டி ஏதோ சொல்வதற்காக அரசர் எழுந்து சாளரத்தருகே நின்றிருந்தார். கீரந்தை படியேறிச் சிம்மாசனத்தில் உட்கார்ந்து கால்மேல் கால் போட்டுக்கொண்டான். காவலர்கள் வாளை உருவினார்கள்.

"இறங்கு கீழே. அது என் ஆசனம்," என்றார் அரசர்.

"ஒத்திகையில் யார் எங்கே உட்கார்ந்தால் என்ன, அரசே? தாங்கள் இன்னும் முடிசூடவே இல்லையே."

"இருபத்திரண்டு அறுவடைக்கு முன் முடிசூடியவன் நான். நாடே பார்த்தது."

"அது ஒத்திகையா, மெய்யா?"

"மெய்தான்," என்று அரசர் இடிபோல் சொன்னார்.

கீரந்தை எழுந்து இறங்கி வணங்கினான். "அப்படியானால் உலகம் தொடங்கி இருபத்திரண்டு அறுவடையாவது ஆகிவிட்டது. அரச வாக்கே சாட்சி."

ஆழ்மதியார் மறுக்க வாயெடுத்தார். அரசர் திரும்பி, தான் ஒத்திகை அரசனா என்று கேட்டதும் அவசரமாகக் குனிந்து வணங்கினார். அதைப் பார்த்த அரசருக்குச் சிரிப்பு பீறிட்டது. மதகை அடைக்க வேண்டாம் என்றார். ஆழ்மதியார் ஓர் அறுவடைக் காலம் கீழ்த்துறையில் பரிசல் தள்ளட்டும் என்றார். மூன்றாம் முரசு அந்தச் சிரிப்பில் யாருக்கும் கேட்கவில்லை.

என்ன பரிசு வேண்டும் என்று அரசர் கேட்டார்.

"ஒரு வண்டி விறகு வேண்டும், அரசே. என் மகளை எரிக்க."

அரசருக்கு மறுபடியும் சிரிப்பு வந்துவிட்டது. சபையும் சேர்ந்து சிரித்தது. விகடன் எதையும் பாதியில் விடமாட்டான் என்று சொல்லிச் சந்தனக் கட்டையாகவே ஒரு வண்டி கொடுக்கச் சொன்னார்.

மதகுச் செய்தியைச் சொல்ல முன்பே வெளியே ஓடியிருந்த காளத்தியும் வண்டியோடு குகை வரைக்கும் வந்தாள். வரிசையாகக் கிடந்தவர்களைத் தாண்டிப் போய்க் கீரந்தை ஒரு சிறு உடலைத் தூக்கினான். ஐந்து பாவாடைகளும் சரிந்து விழுந்தன.

"யாருய்யா இது?" என்றாள்.

"எம் மக. செத்துப்போயிட்டா." அதைச் சொல்ல அவனுக்கு ஐந்து அறுவடை ஆகியிருந்தது.

அந்த நாட்டில் மூட்டப்பட்ட முதல் சிதை அதுதான். அரண்மனை மாடத்தில் நின்றிருந்த அரசர், மலையடிவாரத்திலிருந்து எழுந்த புகையைப் பார்த்தார். ஒரு வேடிக்கைக்காக இவன் எவ்வளவு தூரம் போகிறான் பார் என்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து ஓய்ந்ததும், அவனுக்கு இன்னொரு வண்டிச் சந்தனக்கட்டை அனுப்பச் சொன்னார்.