பார்க்கலாம்

வெயிலுமுத்து துணை வட்டாட்சியராக இருந்து ஓய்வு பெற்றவர். பணியில் இருந்தபோதே வாங்கி வைத்த சட்டப் பட்டம் ஒன்று அவரிடம் இருந்தது. அறுபத்தோராம் வயதில் வழக்கறிஞராகப் பதிவு செய்துகொண்டு, உயர்நீதிமன்றக் கிளைக்குப் பக்கத்தில் உள்ள ஒத்தக்கடையில் வழக்கறிஞர் அங்கயற்கண்ணியிடம் ஜூனியராகச் சேர்ந்தார். அங்கயற்கண்ணிக்கு நாற்பது வயது. இவர் அவரை மேடம் என்பார். அவர் இவரை சார் என்பார்.

உயர்நீதிமன்றக் கோடை விடுமுறைக்கு முந்தைய நாள் காலை, இருளாயி என்ற பெண் மஞ்சள் பையோடு வந்தார். பட்டாக்களைக் கணினியில் ஏற்றியபோது அவருடைய இரண்டு ஏக்கர் பங்காளி பெயருக்குப் போய்விட்டது. பட்டா இல்லாததால் கிணற்று மோட்டாருக்குக் கரண்டு கொடுக்க மறுக்கிறார்கள். கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்து நான்கு வருடம் ஆகிறது. மனுவை ஏற்கவும் இல்லை, தள்ளவும் இல்லை. எப்போது போனாலும், பார்க்கலாம் என்று மட்டும் சொல்லி அனுப்புகிறார்களாம்.

இல்லை என்று சொன்னால்கூட அடுத்து எங்கே போவது என்றாவது தெரியும் என்றார் இருளாயி. அது சட்டப்படி அவசியமில்லாத பேச்சு என்பதால் வெயிலுமுத்து அதைக் குறித்துக்கொள்ளவில்லை.

உயர்நீதிமன்றத்தில் போட வேண்டிய மனுவை எழுதும் வேலையை அங்கயற்கண்ணி அவரிடம் விட்டார். அவர் பதினான்கு பக்கம் எழுதினார். சர்வே எண், உட்பிரிவு, மூலப்பத்திரம் எதுவும் விட்டுப்போகவில்லை. கடைசிப் பக்கத்தில், பட்டாவை மனுதாரர் பெயருக்கு மாற்ற நீதிமன்றம் உத்தரவிட வேண்டும் என்று முடித்திருந்தார்.

அங்கயற்கண்ணி எல்லாவற்றையும் படித்தார். கடைசி வரியை மட்டும் அடித்தார். அதற்குப் பதிலாக எதையும் எழுதவில்லை.

"ஏன் மேடம்? நிலம் அவங்களோடதுதானே. பட்டாவையே கேட்டா என்ன?"

"பார்க்கலாம் சார்."

சொல்லிவிட்டு வேறு வழக்குக் கட்டைப் பிரித்தார்.

பன்னிரண்டு மணிக்கு வெயிலுமுத்து மறுபடி கேட்டார். அங்கயற்கண்ணி போனில் இருந்தார். உட்காரச் சொல்லிக் கை காட்டினார். ஒரு மணிக்குக் கேட்டபோது சாப்பிட்டுவிட்டு வரச் சொன்னார். இரண்டு மணிக்கு வெயிலுமுத்து மனுவைக் கொண்டுபோய் மேசையில் அவர் கண்ணெதிரே வைத்தார். அங்கயற்கண்ணி அதை எடுத்து, மற்ற கட்டுகளுக்கு அடியில் செருகி, மேலே பேப்பர் வெயிட்டை வைத்தார்.

கதவோரம் வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்த இருளாயி இதைப் பார்த்தார்.

"அடியில போயிருச்சு சார்," என்றார். "என்னோடதும் இப்படித்தான் போயிருக்கும்."

அப்படிச் செருகும் கை வெயிலுமுத்துவுக்குத் தெரிந்த கைதான். முப்பது வருடம் அவரிடமே இருந்தது.

மூன்றரை ஆயிற்று. இன்னும் ஒரு மணி நேரத்தில் உயர்நீதிமன்றத்தில் மனு வாங்கும் பிரிவை மூடிவிடுவார்கள். இன்று விட்டால் ஜூனில்தான். வெயிலுமுத்து இரண்டு முறை வாசல்வரை போய்த் திரும்பினார். பிறகு மேசைக்கு முன்னால் வந்து நின்றார்.

"மேடம், நான் எழுதினது சரின்னு சொல்லுங்க. இல்ல, தப்புன்னு சொல்லுங்க. எதுன்னாலும் ஒத்துக்கிறேன். ரெண்டுல ஒண்ணைச் சொல்லிருங்க. அதையும் இன்னைக்கே சொல்லுங்க."

இருளாயி கடலை உரிப்பதை நிறுத்தினார்.

"காலையிலயிருந்துதான சார் கேக்குறீக," என்றார். அதில் கோபம் இல்லை. ஒரு கை கடலையை எடுத்து அவர் பக்கம் நீட்டினார்.

வெயிலுமுத்து வாங்கிக்கொண்டார்.

அங்கயற்கண்ணி அடியிலிருந்து மனுவை உருவி, கடைசிப் பக்கத்தைப் புரட்டினார். அடித்த வரிக்குக் கீழே காலியாக இருந்த இடத்தில் விரலை வைத்தார்.

"இப்ப சொன்னீங்களே, அதை அப்படியே கோட்டாட்சியருக்குன்னு இங்க எழுதுங்க சார். இன்னைக்கேங்கிறது மட்டும் வேணாம். எட்டு வாரம்னு போடுங்க."