கரடிச்சோலைக் குழியில் இருப்பவன்

கேட்டு முடித்ததும் அவசரப்பட்டுத் தீர்ப்புச் சொல்லிவிடாதீர்கள். ஒரு குழி, ஒரு கேள்வி, கதை அவ்வளவுதான். ஆனால் ஒரு மலையே அதில் போயிற்று.

கரடிச்சோலை மலையில் மருதி என்றொருத்தி இருந்தாள். அடிவாரத்தில் கன்னியாஸ்திரிகள் நடத்திய விடுதியில் தங்கிப் பத்தாவது வரை படித்தவள், இப்போது கைக்குழந்தைக்காரி. அவள் கணவன் பெயரை நான் சொல்ல மாட்டேன், ஏன் என்று போகப்போகத் தெரியும். தேயிலைத் தோட்டக்காரர்கள் மலைமேல் ஏறி வந்து வேலி போட்டபோது அதைப் பிடுங்கி எறிந்தவன் அவன். போலீஸ்காரர்கள் பிடித்துக்கொண்டு போய் அடித்தார்கள். எந்தக் காகிதத்திலும் எழுதாமல் திருப்பி அனுப்பினார்கள். வந்து படுத்தவன் எழுந்திருக்கவேயில்லை.

சாகும்போது மருதியின் கையைப் பிடித்துக்கொண்டு இரண்டு கேட்டான். "பிள்ளையத் தூக்கிட்டு மலைய விட்டு எறங்கிடாத. என் பேரையும் வாயில எடுத்துராத."

இரண்டுக்கும் அவள் தலையாட்டினாள்.

பெயர் விஷயம் அந்த மலைக்குடியின் வழக்கம். செத்தவர் பெயரை அங்கே யாரும் சொல்வதில்லை. அந்த வீட்டுக் குழந்தைக்குப் பல் முளைத்ததும் அதற்கு அந்தப் பெயரை இடுவார்கள். பிறகு ஊரே கூப்பிடலாம். அதற்கு முன்னால் சொன்னால், போய்க்கொண்டிருப்பவன் தன்னைத்தான் கூப்பிட்டார்கள் என்று திரும்பி வருவான். வந்தவன் வெறுங்கையோடு போக மாட்டான். தன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போவான். அதனால் அவனைப் பற்றிய பேச்சையே எடுக்க மாட்டார்கள். மருதியின் பிள்ளைக்கு இன்னும் பல் வரவில்லை.

பேயுமில்லை பிசாசுமில்லை என்று சிஸ்டர்கள் சொல்லித் தந்தது பள்ளியில் நம்பும்படி இருந்தது. பால் குடிக்கிற பிள்ளை திடீரென்று மூச்சை இழுத்துப் பிடிக்கும்போது நம்பும்படி இல்லை.

மலை யாருக்கு என்று வழக்கு நடந்தது. செத்தவர்களைப் புதைத்து மேலே கல் அடுக்கிய குழிகள்தான் மலைக்குடியின் சாட்சி. அங்கே யாருமே குடியிருந்ததில்லை, கல் குவியலெல்லாம் நேற்று அடுக்கியது என்றார் தோட்டத்து வக்கீல். நேரில் விசாரிக்க ஓர் அதிகாரி வருவதாகத் தகவல் வந்தது. முந்தின நாள் மருதியின் கொழுந்தன் பண்டன் வாசலில் வந்து நின்றான். "அண்ணி, நாளைக்கு அந்தக் குழியப் பத்திக் கேட்டா..." என்று ஆரம்பித்தான்.

"வாய மூடுடா!" என்று பாய்ந்தாள் அவன் அக்கா ரேசி. "பச்சப்புள்ள இருக்கிற எடத்துல என்ன பேச்சு பேசுற?"

அவன் போய்விட்டான்.

அதிகாரி கெட்டவரல்ல. வேங்கை மரத்தடிக் குழிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். "பழைய குழியெல்லாம் நான் கேக்கல. புதுசா இருக்கே, இதுல யாருன்னு வீட்டாளுங்க மூணு பேரும் சொல்லட்டும். ஒருத்தர் சொன்னாலும் போதும், மத்தவங்க அதுக்கு மாறாச் சொல்லாம இருந்தா மத்த கல்லையும் நம்பிக்கிறேன். மலை உங்களுது."

"தனித்தனியா கேளுங்க சார்," என்றார் வக்கீல். "சொல்லிக் கொடுத்துக்குவாங்க."

முதலில் பண்டன் போனான்.

"உள்ள யாருப்பா?"

"எங்கண்ணன் சார். செத்தவனுக்கும் ஆதார் வேணுமா?"

"பேரு மட்டும் போதும்."

"மாதேவன்," என்றான் பண்டன். அப்படி ஒருவன் அந்த மலையில் பிறந்ததேயில்லை. பிறக்காதவன் எங்கிருந்து திரும்பி வருவான்?

அடுத்து ரேசி. "என் தம்பிதான். அவன் பொறந்தப்ப கையில வாங்கினவ நான். பேர் தெரியும், சொல்ல மாட்டேன்."

"சொல்லலேன்னா உங்களுக்குத்தாம்மா நஷ்டம்."

"இருக்கட்டும்."

கடைசியில் மருதி, இடுப்பில் பிள்ளையோடு. நாத்தனார் வாய் திறந்திருக்க மாட்டாள் என்று அவளுக்குத் தெரியும். கொழுந்தன் ஏதாவது கேலி பேசி மழுப்பியிருப்பான் என்று நினைத்தாள். ஆக, எல்லாம் தன் தலையில்தான். சும்மா இருந்தால் மலை போகும். சாலையோரத் தகரக் கொட்டகையில் இந்தப் பிள்ளை வளரும். சொன்னால்? பிள்ளையின் ஒரு காதைத் தன் மார்போடு அழுத்தி, மறு காதைக் கையால் பொத்திக்கொண்டு, கணவன் பெயரைச் சொன்னாள். அவன் உயிரோடிருந்த காலத்தில்கூட அவள் அதைச் சொன்னதில்லை.

அதிகாரியின் பேனா நின்றது. "மாதேவன் இல்லையா?"

"அது யாரு சார்?"

மூவரையும் ஒன்றாகக் கூப்பிட்டார். "ஒரு குழிக்கு ரெண்டு பேரு சொல்றீங்க. ஒருத்தங்க வாயே தெறக்கல. நான் என்னன்னு எழுத?"

பண்டன் மருதி பக்கம் திரும்பினான். "அண்ணி... நீ சொல்லிட்டியா?" பிறகு அதிகாரியின் காலருகே உட்கார்ந்துவிட்டான். "நான் சொன்னதுதான் சார் பொய். அண்ணி சொன்னதுதான் நெசம்."

"பொய் சொன்னேன்னு அவனே ஒத்துக்கிறான் பாருங்க," என்றார் வக்கீல்.

ஜீப் இறங்கிப் போயிற்று. ரேசி மருதியின் இடுப்பிலிருந்து பிள்ளையை வாங்கிக்கொண்டாள். அதன் உடம்பு சுட்டது. மழைக்கு முன்னே மலையைக் காலி செய்யச் சொல்லி உத்தரவு வந்தது.

இப்போது சொல்லுங்கள். பண்டன் பொய் சொன்னான். ரேசி சொல்ல மறுத்தாள். மருதி உண்மையைச் சொன்னாள். செத்தவன் கேட்டதை வைத்துப் பார்த்தால், இவர்களில் யார் செய்தது சரி?

விடை: பண்டன் செய்ததே சரி. மலையும் வேண்டும், பெயரும் வெளியே வரக்கூடாது என்று கேட்டான் செத்தவன். இரண்டையும் ஒரே சொல்லில் கொடுக்கப் பார்த்தவன் பண்டன் ஒருவன்தான். ரேசி பெயரைக் காத்து மலையை விட்டாள். மருதி மலைக்காகப் பிள்ளையையே பணயம் வைத்தாள், மலையும் கிடைக்கவில்லை. அதற்காக அவளைக் குறை சொல்லிவிடாதீர்கள். செத்தவன் பேச்சையே எடுக்கக் கூடாத அந்த வீட்டில், கூடிப் பேசி ஒரு பொய்யை முடிவு செய்யக்கூட வழியில்லை. "இதில் இருப்பவன் உங்களவனா?" என்று மட்டும் அந்த அதிகாரி கேட்டிருந்தால் மூன்று பேரும் ஒன்றுபோல ஆமாம் என்றிருப்பார்கள். அவருக்குப் பெயர்தான் வேண்டியிருந்தது.