மதிவதனி விட்ட தவளைகள்

தீர்ப்புச் சொல்வது உங்கள் வேலை. ஆனால் பாதிக் கதையில் எழுந்து சொல்லிவிடாதீர்கள். முழுதும் கேட்டுவிட்டுச் சொல்லுங்கள்.

அந்தமானில் ஒரு சிறு தீவு. திருநெல்வேலிப் பக்கமிருந்து குடியேறிய சில குடும்பங்கள் அங்கே தென்னையும் பாக்கும் வைத்துப் பிழைத்தன. அவர்களில் குருவையாவும் அவன் மனைவி சண்முகக்கனியும் வீட்டை ஒட்டி ஒரு மீன் குளம் வெட்டினார்கள். மீன் குஞ்சு வாங்கக் குருவையா மகள் மதிவதனியையும் கூட்டிக்கொண்டு கப்பலேறிச் சென்னைக்குப் போனான். திரும்புகையில் குஞ்சுகள் நிறைந்த பையை அவள் மடியை விட்டு இறக்கவே இல்லை. ஊர் வந்து பார்த்தால் மீனோடு மீனாகச் சில தலைப்பிரட்டைகளும் நீந்திக்கொண்டிருந்தன. குருவையா அவற்றை வடித்து மண்ணில் கொட்டப் போனான்.

“பாவம்ப்பா. நம்மகூடக் கடல் தாண்டி வந்திருக்கு. இருந்துட்டுப் போகட்டும்” என்றாள் மகள்.

அப்படியே குளத்தில் விட்டார்கள். அவை உள்ளங்கையில் அடங்காத பெருந்தவளைகளாக வளர்ந்தன. மழை பிறந்ததும் ஆண் தவளைகள் மஞ்சளாகி, தொண்டையின் இருபுறமும் நீலப் பை உப்ப, மாடு செருமுவதுபோல் கத்தின. மதிவதனி அடுப்படியில் இருந்தபடியே அவற்றுக்கு எதிர்க்குரல் கொடுப்பாள்.

அடுத்த பருவமழையில் அவளுக்குக் காய்ச்சல் கண்டது. கடல் கொந்தளித்ததால் படகு ஓடவில்லை. படகு ஓடத் தொடங்கிய அன்று, அவளை ஏற்றிச் செல்லும் தேவை இல்லாமல் போயிற்று.

அதன்பின் சண்முகக்கனி மாலையானால் குளத்தங்கரையில் போய் உட்கார்ந்துகொள்வாள். “இது அவ குடுத்த உசுரு. ஒண்ணு மேலயும் நீங்க கை வைக்கக் கூடாது. அவ மேல சத்தியம் பண்ணுங்க” என்று கணவனிடம் கேட்டாள். அவனும் செய்து கொடுத்தான்.

தவளைகள் பெருகின. மீன் குஞ்சைத் தின்றன, வாத்துக் குஞ்சையும் விழுங்கின. அவள் வாத்து வளர்ப்பதையே நிறுத்தினாள்.

அப்போது லிடியா வந்தாள். நாகர்கோவில்காரி. அந்தமான் தீவுகளுக்கே உரிய தவளைகளைப் பற்றி ஆராய வந்தவள். தோப்புக்குக் கீழே காட்டுக்குள் ஓடும் ஓடையில், கட்டைவிரல் அளவே உள்ள பழுப்புத் தவளை ஒன்று வாழ்ந்தது. அந்தத் தீவுகளின் பூர்வீகக் குடி அது. இதே பெருந்தவளைகள் புகுந்த பக்கத்துத் தீவு ஓடைகளில் அதன் குரல் அடங்கிவிட்டிருந்தது. பெருந்தவளையின் தலைப்பிரட்டைகள் அதன் தலைப்பிரட்டைகளைத் தின்று தீர்த்துவிட்டன.

“அண்ணே, மிச்சம் இருக்கது இந்த ஓடைதான். போன மழையில உங்க குளத்துக் கரை பாதி கரைஞ்சுட்டு. இந்த மழைக்குத் தண்ணி வழிஞ்சா நேரா ஓடையிலதான் விழும்” என்றாள் லிடியா.

 குருவையா மனைவிக்குத் தான் செய்து கொடுத்த சத்தியத்தைச் சொன்னான்.

“அக்காகிட்ட நான் பேசிப் பாக்கட்டுமா?”

“வேண்டாம்மா. அவ தாங்க மாட்டா. நானே பாத்துக்கிடுதேன்.”

லிடியா தலையசைத்துவிட்டுப் போனாள்.

கோடையில் சண்முகக்கனி அக்காள் மகளின் பிரசவத்துக்காகப் போர்ட் பிளேர் போனாள். குருவையா மோட்டார் வைத்துக் குளத்தை இறைத்தான். சேற்றை வெட்டி, பதுங்கிக் கிடந்த தவளைகளை எல்லாம் தேடிப் பிடித்துக் கொன்று புதைத்தான். மகளை அடக்கம் செய்த அன்று வராத அழுகை அவனுக்கு அப்போது வந்தது.

திரும்பி வந்தவள் வெடித்துக் கிடந்த குளத்தைப் பார்த்தாள். “ஏங்க, தவளைங்க எங்க?”

“வெயிலுக்குத் தண்ணி வத்திட்டு. எங்கயாவது போயிருக்கும்.”

நம்பினாள். திரும்பி வரும் தவளைகளுக்காகக் கரையில் வட்டை எனும் ஓர் அகன்ற பாத்திரத்தில் தண்ணீர் ஊற்றி வைக்கலானாள். காய்ந்தால் மறுபடி ஊற்றினாள். முதல் மழை விழுந்தபின் ஒருநாள் அந்த வழியே வந்த லிடியா வட்டையைப் பார்த்தாள். என்னவென்று சண்முகக்கனியிடம் கேட்டாள். பதிலைக் கேட்டதும் லிடியாவால் தாங்க முடியவில்லை. அங்கேயே எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள்.

சண்முகக்கனி முந்தானையை இழுத்துச் செருகினாள். “அந்த ஓடையக் காட்டு” என்றாள். போனார்கள். கல்லிடுக்கில் சின்னஞ்சிறு தலைப்பிரட்டைகள் வாலாட்டிக்கொண்டிருந்தன. அவள் குனிந்து பார்த்தபடியே இருந்தாள்.

லிடியாவோடு வீட்டுக்கு வந்து, கொல்லையில் இருந்த தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஈர மணலைக் கையால் விலக்கினாள். உள்ளே ஒரு பெருந்தவளை. “தண்ணி வச்ச ரெண்டாம் நாளே வந்துட்டு. இங்க கொண்டாந்து வச்சிருக்கேன். மத்ததும் வரட்டும்னு அவருகிட்டச் சொல்லல. இது ஆணா, பொண்ணா?”

“பொண்ணுக்கா. வயித்துல முட்டை.”

“நீ வீட்டுக்குப் போ தங்கச்சி.”

லிடியா போனதும் சண்முகக்கனி மண்வெட்டியை எடுத்தாள். தன் கையாலேயே கொன்று, தன் கையாலேயே புதைத்தாள்.

அன்று மழை வலுத்தது. ஓடைப் பக்கமிருந்து சிறு தவளைகளின் மெல்லிய குரல் வந்தது. குருவையா வாசலில் நின்று கேட்டான். சண்முகக்கனி சன்னலைச் சாத்திக்கொண்டாள்.

மகள் மேல் செய்த சத்தியத்தை மீறி ஓடையைக் காத்தான் குருவையா. அவன் மறைத்ததைப் போட்டு உடைத்தாள் லிடியா. மகளின் நினைவாக மிஞ்சிய கடைசி உயிரைத் தானே முடித்தாள் சண்முகக்கனி. இம்மூவரில் யார் செய்தது சரி?

விடை: சண்முகக்கனி செய்ததே சரி. குளத்தை இறைத்ததில் குருவையாவின் குற்றம் இல்லை. கரையை அடைத்தாலும் என்றாவது ஒன்று தாண்டிவிடும், அதற்கு வேறு மருந்து கிடையாது. மனைவி தாங்கமாட்டாள் என்று அவனே முடிவு கட்டியதுதான் குற்றம். சத்தியத்தை வாங்கியவளிடம் அதைத் திருப்பிக் கேட்டிருந்தால் அவள் கொடுத்திருப்பாள். ஓடையைக் கண்ணால் பார்த்ததும் என்ன செய்தாள் என்பதே அதற்குச் சாட்சி. லிடியா உண்மையைச் சொன்னாள், ஆனால் தவளைகள் மண்ணுக்குள் போனபிறகு. குருவையா முன்பே கேட்டிருந்தால் புருஷனும் பெண்டாட்டியும் ஒன்றாக நின்று அழுதபடி அந்தக் குளத்தை இறைத்திருப்பார்கள். இப்போது ஒரே வீட்டில் ஆளுக்கொரு துக்கமாக அழுகிறார்கள்.