சாப்பாட்டு மணி

அந்த ஆற்றங்கரை மடத்துக்கு எட்டியப்பன் வந்து சேர்ந்தபோது அவருக்கு ஐம்பது தாண்டிவிட்டது. பஸ் கண்டக்டராக இருந்தவர். வாய் சும்மா இருக்காது. மடத்தின் குரு வடிவம்மை வயதில் இளையவர். சீடரைக் 'கண்டக்டரே' என்றுதான் கூப்பிடுவார்.

மடத்துச் சமையல்காரர் குழந்தைவேலுவுக்குத் திக்குவாய். ஆனாலும் தினமும் மதியம் வாசலில் நின்று, "சா... சா... சாப்பிட வாங்க!" என்று குரல் கொடுப்பது அவர்தான். அதைக் கேட்டால்தான் பலருக்குப் பசியே எடுக்கும்.

ஒரு நாள் பந்தியில் எட்டியப்பன் அந்தக் குரலை அச்சு அசலாகச் செய்து காட்டினார். பந்தியே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. கரண்டியோடு நின்ற குழந்தைவேலுவும் சிரித்தார்.

வடிவம்மை மட்டும் சிரிக்கவில்லை. எட்டியப்பனுக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது. மறுநாள் போய்க் கேட்டார்.

"நான் பண்ணது தப்பாம்மா? அவரே சிரிச்சாரே!"

அந்த நேரம் பார்த்துச் சமையக்கட்டுப் பக்கம் மணிச் சத்தம் கேட்டது. சாப்பாட்டுக்கு அங்கே மணி அடித்ததே கிடையாது.

"யாரும்மா மணி அடிக்கிறது?"

"குழந்தைவேலு. இனிமே மணிதானாம்."

எட்டியப்பனுக்கு முகம் செத்துப்போயிற்று. "இப்பவே போய்ப் பந்தியில எல்லார் முன்னாடியும் மன்னிப்புக் கேட்டுடறேன்."

"மறுபடியும் எல்லாரும் அவரைத் திரும்பிப் பாக்கணுமா?"

"அப்ப நான் என்னதாம்மா செய்யறது?"

"சமையக்கட்டுல காய் நறுக்க ஆள் இல்லை," என்றார் வடிவம்மை.

எட்டியப்பன் போனார். ஆள் இல்லாத நேரமாகப் பார்த்து, "தப்புப் பண்ணிட்டேண்ணே," என்றார். குழந்தைவேலு தலையை ஆட்டிவிட்டுப் பூசணிக்காயை அவர் பக்கம் தள்ளினார். பேச்சு மட்டும் வரவில்லை. பல நாள் அப்படியே போயிற்று. மணியும் தவறாமல் அடித்தது. கேட்கும்போதெல்லாம் எட்டியப்பனுக்கு அழுகையே வந்தது.

ஒரு நாள் உப்புப் போட்டதை மறந்து, சாம்பாரில் மறுபடியும் அள்ளிப் போட்டார். குழந்தைவேலு ருசி பார்த்தார். ஒரு கண் தானாக மூடிக்கொண்டது. பாத்திரம் கழுவும் பெண்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"நம்ம கண்டக்டரு... ஒரே சாம்பாருக்கு ரெண்டு டி... டி..."

எட்டியப்பன் அந்தச் சொல்லை எடுத்துக் கொடுக்கவில்லை. காத்திருந்தார்.

"...டிக்கெட் கிழிச்சிட்டாரு!"

பெண்கள் சிரித்துவிட்டார்கள். எட்டியப்பனுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. அவர் தலையில் இரண்டு தட்டு தட்டிவிட்டு, குழந்தைவேலு மணியைக் கடந்து வாசலுக்குப் போனார்.

"சா... சா... சாப்பிட வாங்க!"

பந்தியில் வடிவம்மை சாம்பாரை வாயில் வைத்ததும் திரும்பிப் பார்த்தார். எட்டியப்பன் நடந்ததையெல்லாம் சொன்னார்.

"எல்லாரும் சிரிச்சாங்கம்மா. ஆனா சொல்லி முடிக்கிற வரைக்கும் அண்ணன் என் முகத்தையேதான் பாத்துக்கிட்டிருந்தாரு."

"அவரை மாதிரி பேசிக் காட்டின அன்னிக்கு நீங்க யார் முகத்தைப் பாத்தீங்க, கண்டக்டரே?"

குழந்தைவேலு சாம்பார் வாளியோடு வந்துகொண்டிருந்தார். எட்டியப்பன் இலையிலிருந்து நிமிர்ந்து அவரைப் பார்த்தார்.